குருந்தம் என்ற பெயரும் கொழுவைத் தின்ற கல்லும்

குருந்தம் என்ற சொல்லைப் பற்றி இந்த ஓசூர் சுற்றுவட்டாரத்தில் என்னைவிட அதிகம் தெரிந்த ஆள் இருந்தால் அவரை நான் பார்க்க வேண்டும். நான் படித்தது ஐந்தாம் வகுப்பு. அதிலும் கடைசி வருஷம் பாதி நாள் போகவில்லை. ஆனாலும் காலேஜில் கல்லைப் பற்றிப் பாடம் நடத்துகிறவர்கள் இரண்டு பேர் என் பட்டறைக்கு வந்து, நான் சொன்னதை நோட்டில் எழுதிக்கொண்டு போயிருக்கிறார்கள். இந்தச் சொல் எந்த ஊரில் வழங்குகிறது என்று அவர்களில் ஒருவர் கேட்டார். கல் இல்லாத ஊரில் வழங்குகிறது என்றேன். அவர் எழுதுவதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். அவருக்கு அன்று சொன்னதைத்தான் இங்கேயும் சொல்கிறேன்.

எண்பதுகளின் தொடக்கத்தில் ஓசூர்த் தொழிற்பேட்டையில் ஒரு சின்ன கம்பெனியில் ஹெல்பராக இருந்தேன். இஞ்சின் வால்வையும் கண்ணாடியையும் தேய்த்து வழவழப்பாக்குகிற பவுடர் செய்யும் இடம் அது. கல்லை உடைத்து, அரைத்து, சலித்து டப்பாவில் அடைப்பார்கள். நான் டப்பா அடைக்கிற பக்கம் இருந்ததால், ஆறு மாதம் வரைக்கும் பவுடரைத்தான் பார்த்திருந்தேனே தவிர கல்லைப் பார்க்கவில்லை. ஒரு நாள் லேப்புக்கு ஒரு சாம்பிளைக் கொண்டுபோய்க் கொடுக்கச் சொன்னார்கள். கைக்குள் அடங்குகிற கல். பழுப்பும் சிவப்பும் கலந்த மங்கல் நிறம், நடுவில் பெருத்து இரண்டு முனையும் சிறுத்த பீப்பாய் போல ஒரு உருவம். தூக்கியதும் கை கீழே இறங்கியது. பார்வைக்கு ஒரு எடை, கைக்கு ஒரு எடை.

லேப்பில் இருந்த ஆபீசர் கும்பகோணத்துப் பக்கம். நல்ல மனுஷன், ஆனால் ஹெல்பர் பேசினால் காதில் போட்டுக்கொள்ள மாட்டார். இது ரொம்ப அபூர்வமான கல், பேர் கொரண்டம், கீழே போட்டுவிடாதே என்றார். எனக்குச் சட்டென்று எங்கள் நாகரசம்பட்டிக்கு வரும் சாணைக்காரர் நினைவுக்கு வந்தார். அவருடைய சக்கரம் எதனால் ஆனது என்று யார் கேட்டாலும், அரக்கும் குருந்தப் பொடியும் சேர்த்து உருட்டியது என்பார்.

"சார், இது எங்கூர்ப் பக்கம் குருந்தம்னு சொல்லுவாங்க. உங்க கொரண்டம் எங்ககிட்ட இருந்து வந்த பேரா இருக்கும்" என்றேன்.

அவர் சிரித்தார். இங்கிலீஷ்காரன் எதற்கு உன் ஊர் சாணைக்காரனிடம் பேர் வாங்குகிறான் என்று கேட்டுக்கொண்டே அலமாரியில் இருந்து ஒரு தடித்த புத்தகத்தை எடுத்தார். என்னை மடக்கத்தான் எடுத்தார். பக்கம் தள்ளி, விரலை வைத்து, மனசுக்குள் படித்தார். பிறகு கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டு மறுபடி படித்தார்.

"தமிழ்னுதான்யா போட்டிருக்கான். குருந்தம்னே போட்டிருக்கான்."

அந்த நிமிஷத்தில் என் உயரம் ஒரு முழம் கூடியது என்று சொன்னால் பொய்யில்லை. வடக்கே இருந்து வரவேண்டிய கல் லோடு இரண்டு மாதமாக வரவில்லை என்று கம்பெனியே தவித்துக்கொண்டிருந்த நேரம். உங்கள் ஊர்ப் பக்கம் இது கிடைக்குமா என்று அவர் கேட்டார். வண்டி வண்டியாகக் கிடக்கிறது என்றேன். உண்மையில் நான் பார்த்தது சாணைக்காரரின் சக்கரத்தை மட்டும்தான், தரையில் கிடந்த ஒரு கல்லைக்கூடப் பார்த்ததில்லை. ஒரு மூட்டை கொண்டு வா, சோதனையில் தேறினால் மாதாமாதம் உன்னிடமே எடுக்கச் சொல்கிறேன் என்றார். மறுநாளே வேலையை விட்டேன். சப்ளையர் ஆகப்போகிறவன் டப்பா அடைத்துக்கொண்டிருக்க முடியுமா?

என் வீட்டுக்காரி சத்தம் போடவில்லை. கல் எங்கே இருக்கிறது என்று தெரியுமா என்று மட்டும் கேட்டாள். தெரியும் என்றேன். ஒரு மாதம் பார்ப்பேன், ஆகவில்லை என்றால் ஊருக்கே திரும்பிப் போய் மாந்தோப்பில் கூலி வேலை பார்ப்போம் என்றாள். அவள் சொன்னால் சொன்னதுதான். மாந்தோப்புக் கூலியில் இருந்து தப்பித்துத்தான் நான் ஓசூருக்கே வந்திருந்தேன்.

பெயர் தெரிந்துவிட்டதே, இனி கல் கிடைப்பது பெரிய காரியமா என்று நினைத்தேன். ஊர் ஊராகப் போய்க் குருந்தம் இருக்கிறதா என்று கேட்டேன். அதிசயம் என்னவென்றால் இல்லை என்று ஒருவரும் சொல்லவில்லை. கிருஷ்ணகிரியில் நகை செய்கிற ஆசாரி ஒருவர் குருவிந்தம் என்றால் கெம்பில் ஒரு ஜாதி என்று சொல்லி, மூக்குத்திக்கு வைத்திருந்த சிவப்புக் கல்லைக் காட்டினார். முடி வெட்டுகிறவர் தன் கத்தி தீட்டும் கறுப்புக் கல்லைக் காட்டி இதுதான் என்றார். ஒரு பெரியவர் என்னை அரை மைல் நடத்திக் கூட்டிப்போய்க் குருந்த மரத்தைக் காட்டினார். கோவித்துக்கொள்ளாமல் நிழலில் உட்கார்ந்துவிட்டு வந்தேன். பாகலூர்ப் பக்கம் கன்னடம் பேசுகிறவர்களும் தெலுங்கு பேசுகிறவர்களும் அந்தப் பெயரைத் தங்கள் வாய்க்குத் தகுந்த மாதிரி சொன்னார்கள், ஆனால் ஆளுக்கொரு கல்லைக் காட்டினார்கள். ஆசாரி சொன்ன கெம்பும் என் குருந்தமும் உள்ளே ஒரே சரக்கு, நிறமும் தெளிவும்தான் வேறு என்று பிற்பாடு ஆபீசரிடம் கேட்டுத் தெரிந்துகொண்டேன். அப்போது அதையும் நம்பவில்லை.

கடைசியில் எங்கள் ஊருக்குப் பக்கத்திலேயே ஒரு மாந்தோப்புக்காரர், அவர் தாத்தா காலத்தில் சாணைக்காரர்கள் வந்து பொறுக்கிப் போன குருந்தம் இதுதான் என்று ஓடையில் கிடந்த கற்களைக் காட்டினார். சிவப்பு இருந்தது, கனம் இருந்தது. வெங்கச்சங்கல் என்று நாங்கள் சொல்லுகிற வெள்ளைக் கல் மேல் இழுத்தேன், கோடு மாதிரி விழுந்தது. இதற்கு மேல் என்ன சோதனை வேண்டும்? இரண்டு மூட்டை கட்டி பஸ் மேலே ஏற்றினேன். கல்லுக்குமா லக்கேஜ் என்று கண்டக்டர் கேட்டார். இது கல் இல்லை, குருந்தம் என்றேன். பஸ்ஸே திரும்பிப் பார்த்தது.

ஆபீசர் ஒரு கல்லை இடித்துப் பொடித்து, இரும்புத் தகட்டின் மேல் தூவி, ஒரு கண்ணாடித் துண்டை வைத்து வட்டம் வட்டமாகத் தேய்த்தார். லென்ஸில் பார்த்தார். பொடியின் முனையெல்லாம் மழுங்கிப் போய்விட்டது என்றார். இதன் பேர் கார்னெட், பாசிமணி கோர்ப்பதற்கு ஆகும், நமக்கு ஆகாது.

அவர்கள் ஊரில் குருந்தம் என்றுதான் சொல்கிறார்கள் என்றேன். சொல்லட்டும், அவர்கள் அரிவாள் தீட்டியிருப்பார்கள், அரிவாளுக்கு இது போதும், என் மெஷினுக்குப் பேர் தெரியாது என்றார். எனக்கு அழுகை வரவில்லை, கோபம் வந்தது. அந்தப் பெயர் மேல் கோபம். புத்தகம் வரைக்கும் போன பெயர் எனக்கு ஒரு மூட்டை கல்லைக் காட்டமாட்டேன் என்கிறதே.

நான் கிளம்பும்போது அவர் சோதனையில் தோற்ற அந்தக் கல்லில் ஒன்றை என் கையில் கொடுத்தார். எந்தக் கல் இதைக் கீறுகிறதோ அதைக் கொண்டுவா, மாதக் கடைசி வரைக்கும் பார்க்கிறேன் என்றார். அதற்கு இன்னும் பதினோரு நாள் இருந்தது.

சாக்கு கொடுத்திருந்தது பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் பழைய இரும்புக் கடை வைத்திருந்த ஒரு பாய். என் வயசுக்காரர், என்னைக் கேலி செய்வதில் அவருக்கு ஒரு சுகம். சாக்கைத் திருப்பிக் கொடுக்கப் போனேன். கொண்டுபோன கல் தேறவில்லை என்று என் முகத்திலேயே தெரிந்திருக்கும்.

"ஏம்பா, நீ பேரைத் தூக்கிட்டு ஊரூராப் போறே. பேரைக் கேட்டா பேரைத்தானே குடுப்பாங்க?" என்றார்.

அங்கே கொட்டிக் கிடந்த இரும்பைப் பார்த்துக்கொண்டு நின்றேன். இந்த இடத்தில்தான் என் மூளை வேலை செய்தது. படித்த எவனும் அந்தக் குவியலைப் பார்த்து அதைக் கண்டுபிடித்திருக்க மாட்டான். ஏரில் மாட்டுகிற கொழு ஒரு பத்துப் பதினைந்து கிடந்தது. கொழு தேயும் விதம் எனக்குத் தெரியும், எத்தனை ஏர் ஓட்டியிருக்கிறேன். சோப்பு கரைகிற மாதிரி முனை உருண்டுகொண்டே வரும். இதில் நான்கைந்து அப்படி இல்லை. யாரோ பல்லால் கடித்த மாதிரி வரி வரியாகப் பள்ளம். இரும்பை உழுதிருக்கிறது மண்.

இது எங்கே இருந்து வந்தது என்று கேட்டேன். கெலமங்கலம் சந்தைக்கு வருகிற ஒரு ஊர்க்காரர்கள் வருஷத்துக்கு மூன்று கொழு மாற்றுகிறார்கள், என்ன ஏர் ஓட்டுகிறார்களோ தெரியவில்லை என்றார் பாய். ஒரு கொழுவைக் கேட்டு வாங்கிப் பைக்குள் போட்டுக்கொண்டேன். சாக்கையும் திரும்ப எடுத்துக்கொண்டேன்.

கெலமங்கலத்தில் பஸ் இறங்கி ஒன்றரை மணி நேரம் நடை. அந்த ஊரில் குருந்தம் என்ற சொல்லை நான் வாயில் எடுக்கவே இல்லை. மேட்டுக்காட்டில் ராகிக்கு உழவு ஓட்டிக்கொண்டிருந்த ஒரு பெண்ணிடம் கொழுவை நீட்டி, இதை எது இப்படிச் செய்தது என்று கேட்டேன். முப்பத்தைந்து வயசு இருக்கும். தெலுங்கு வீடு, தமிழ் நன்றாகப் பேசினாள். அவள் ஏரை நிறுத்தாமலே வரப்பைக் கையால் காட்டினாள்.

சரிவுக் காடு அது. மண் அரிக்காமல் இருக்க இடுப்பு உயரத்துக்குக் கல் அடுக்கி வரப்புக் கட்டியிருந்தார்கள். நிலத்தில் கிடைத்ததையெல்லாம் எறிந்து எறிந்து ஆன வரப்பு. ஒரு கல்லை உருவி எடுத்தேன். கை கீழே இறங்கியது. பையில் இருந்த தோற்ற கல்லை எடுத்து அதன்மேல் இதை இழுத்தேன். வெள்ளையாகக் கோடு விழுந்தது. தூளாக இருக்கும் என்று எச்சில் தொட்டுத் துடைத்தேன். கோடு போகவில்லை. நகத்தை வைத்துப் பார்த்தேன், பள்ளத்தில் நகம் நின்றது. மாற்றி இழுத்துப் பார்த்தேன், என் புதுக் கல்லில் ஒன்றும் ஆகவில்லை.

இதற்கு உங்கள் ஊரில் என்ன பெயர் என்று கேட்டேன். கேட்காமல் இருக்க முடியவில்லை.

"அதுக்கெதுக்குண்ணா பேரு? சனியன்னு சொல்லுவோம்" என்றாள்.

வரப்புக் கல் எனக்கு வேண்டும் என்றதும் அவள் ஏரை நிறுத்தினாள். எதற்கு என்றாள். கம்பெனிக்கு என்றேன். கம்பெனியில் இதற்கு என்ன பேர் என்று திருப்பிக் கேட்டாள். இங்கேதான் நான் திண்டாடினேன். சனியன் என்று நினைத்துக்கொண்டிருக்கும்வரை தூக்கிப்போ என்பாள். பேர் இருக்கிறது, புத்தகத்தில் இருக்கிறது என்று தெரிந்தால் யோசிப்பாள், வீட்டில் கேட்க வேண்டும் என்பாள், மாதக் கடைசி ஓடிவிடும். ஆனால் அந்தப் பெயர் சங்கதியை வாய்க்குள் வைத்துக்கொண்டு இருக்கிற ஆள் நான் இல்லை. குருந்தம், தமிழ்ப் பேர், அதைத்தான் வெள்ளைக்காரன் வாங்கிப் புத்தகத்தில் எழுதி வைத்திருக்கிறான் என்று எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன்.

அவள் அந்தச் சொல்லை இரண்டு முறை சொல்லிப் பார்த்தாள்.

"நல்லாத்தான் இருக்குது பேரு. கொழு முறிஞ்சா இத்தச் சொல்லித் திட்ட முடியாதே."

அப்போதுதான் எனக்கு விளங்கியது. இந்தக் கல்லை விலை கொடுத்து வாங்கிய சாணைக்காரருக்கும் ஆசாரிக்கும் பேர் வேண்டியிருந்தது, வைத்துக்கொண்டார்கள். காலில் இடறுகிறவளுக்கு எதற்குப் பேர்? இதைப் புத்தகத்தில் யாரும் எழுதியிருக்க மாட்டார்கள்.

அவள் யோசித்தாள். வீட்டில் யாரையும் கேட்கவில்லை, அவளே முடிவு சொன்னாள். கல்லுக்குக் காசு வேண்டாம், ஆனால் ஆடி மழைக்கு முன்னால் வரப்பு இருந்தபடி இருக்க வேண்டும், ஒரு கல் எடுத்தால் ஒரு கல் வை என்றாள். எல்லாக் கல்லும் குருந்தம் இல்லை, நாலில் ஒன்று இருந்தால் அதிகம். அதைத் தேடி உருவினால் மேலே இருப்பதும் சரியும். பக்கத்துக் கரட்டில் இருந்து சாதாரணக் கல்லைச் சுமந்து வந்து அடுக்க வேண்டும்.

என் வீட்டுக்காரியையும் கூட்டிப்போனேன். எட்டு நாள். நான் கீறிப் பார்த்து உருவுவேன், அவள் கரட்டுக் கல்லைத் தலையில் கொண்டுவந்து அடுக்குவாள். மூன்றாம் நாளே அவள் கீறிப் பார்க்காமல், தூக்கிப் பார்த்தே சொல்ல ஆரம்பித்துவிட்டாள். நான் அதைக் கவனித்ததாகக் காட்டிக்கொள்ளவில்லை. எட்டாம் நாள் சாயங்காலம் அந்தப் பெண் வந்து வரப்பின் மேல் ஏறி ஒரு கோடியில் இருந்து மறு கோடி வரைக்கும் நடந்து பார்த்தாள். ஒரு கல்லும் ஆடவில்லை. சரி, எடுத்துட்டுப் போங்க என்றாள்.

மாட்டு வண்டி பிடித்து மூன்று மூட்டையைக் கம்பெனி வாசலுக்குக் கொண்டுவந்தோம். மாதக் கடைசிக்கு முதல் நாள். ஆபீசர் சாம்பிளை எடுத்துக்கொண்டு உள்ளே போனார். நானும் என் வீட்டுக்காரியும் வண்டி நிழலில் நின்றோம். இந்த முறை நான் யாரிடமும் எதன் பெயரையும் சொல்லவில்லை. ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆகியிருக்கும். ஆபீசர் வெளியே வந்து, என்னிடம் பேசாமல் வண்டியில் ஏறி ஒவ்வொரு மூட்டையாக வாயைப் பிரித்துக் கையை உள்ளே விட்டுப் பார்த்தார். பிறகு இறங்கி, மாதம் எத்தனை மூட்டை வரும் என்று கேட்டார்.

ஐம்பது என்று சொல்ல நான் வாயெடுத்தேன்.

"எட்டு" என்றாள் என் வீட்டுக்காரி. "வரப்பு கட்டிக் குடுத்துட்டுத்தான் சார் எடுக்கணும். எட்டுக்கு மேல ஆவாது."

ஆபீசர் என்னைப் பார்த்தார். நான் தலையாட்டினேன். அவர் பாக்கெட்டில் இருந்து ஒரு துண்டுச் சீட்டை எடுத்து எட்டு என்று எழுதிக்கொண்டார். முதல் மாதமே நான் பத்து கொடுத்தேன்.