ராணியின் மீசை

யாழ்ப்பாணத்துப் பாசையூர்க் கோயில் கூத்துகளில் நெடுங்காலம் ராணி வேடம் கட்டியவர் சவிரிமுத்து. 1986இல் அவர் மேற்கு ஜெர்மனியில், ஹனோவருக்கு அடுத்த மாவட்டத்தில், ஒரு சிற்றூரின் அகதி விடுதியில் இருந்தார்; அகதிகள் அனுமதியில்லாமல் மாவட்டம் தாண்டக்கூடாது. ஹனோவர்த் தமிழரின் நத்தார் ஒளிவிழாக் கூத்தில் ராணியாக வரமுடியுமா என்று அதை ஒழுங்குசெய்த கணேசலிங்கம் தொலைபேசியில் கேட்டதும் ஓம் என்றார். அன்றே மீசையை வழித்தார். பெண்வேடம் ஏற்றவன் மீசையோடு பாட்டுப் பழகக்கூடாது என்பது அவர் ஊரில் கூத்துப் பழக்கிய அண்ணாவியார் வைத்த ஒழுங்கு.

அறைத்தோழர் தம்பித்துரை சிரித்தார்.

"ராணியம்மா, மாவட்டம் தாண்ட அனுமதி கிடைச்சிட்டுதோ?"

"நாளைக்குப் போய்க் கேக்கிறன்."

"மாப்பிள்ளை பாக்க முதல் பந்தல் போட்டிட்டியள்!"

மறுநாள் வெளிநாட்டவர் அலுவலகப் பெண் அடையாள அட்டையையும் அவரையும் மாறிமாறிப் பார்த்தாள். அட்டையில் அடர்ந்த மீசை. முகம் படத்தைப்போல் ஆனபிறகு வரச்சொன்னாள். புதுப் படம் ஒட்டவோ, கூத்துக்குப் பிறகுதான் டெர்மின், அதாவது முன்பதிவு நாள், இருந்தது.

"சும்மா ரயிலேறினால் என்ன?" என்றார் சவிரிமுத்து, வெளியே வந்து.

"பிடிச்சால் அகதி வழக்குப் பழுதாப்போம், அண்ணை," என்றார் கூட வந்த தம்பித்துரை. "பிறகு பேர்பெச்சுவா அக்காவைக் கூப்பிட ஏலாது."

ஊரில் இருந்த மனைவியின் பெயரைக் கேட்டதும் அவர் விடுதிப் பக்கம் நடந்தார். விடுதி ஜன்னலுக்கு நேரே தண்டவாளம். ஹனோவர் ரயில் போகும்போதெல்லாம் கண்ணாடி அதிர்ந்தது.

அந்த வாரம் தேவாலய மண்டபத்தில் பழைய ஜப்பானிய மௌனப்படம் ஒன்று காட்டினார்கள். அதில் விதவையாக வந்தவர் ஓர் ஆண். அந்தக் காலத்தில் அங்கே பெண்வேடம் ஆண்களுக்குத்தான் என்றும், திரைக்குப் பக்கத்தில் நின்று வேறொருவர் குரல் கொடுப்பார் என்றும், நடிகைகள் வந்தபின் இந்த நடிகரைத் தேட ஆளில்லை என்றும் பாதிரியார் விளக்கினார். தம்பித்துரை மொழிபெயர்த்ததில் சவிரிமுத்து நடுவில் உள்ளதை மட்டும் பிடித்துக்கொண்டார்.

"உடம்பு இஞ்ச கிடக்கட்டும். குரலுக்கு ஒருத்தரும் அட்டை கேக்காயினம்."

உடுப்புத் துவைக்கும் அறையில், இயந்திரம் ஓயும் வேளைகளில், ராணியின் பாட்டெல்லாம் கசெற்றில் பாடிப் பதிந்தார். மற்றவர்கள் பேசவேண்டிய இடங்களில் அளந்து மௌனம் விட்டார். கசெற்றைத் தபாலில் கணேசலிங்கத்துக்கு அனுப்பினார்.

கூத்து முடிந்த மறுநாள் கணேசலிங்கம் அழைத்தார்.

"சனம் தேம்பித் தேம்பி அழுதது, அண்ணை."

"என்ர பாட்டுக்கு ஆர் ஆடினது?"

"எங்கட இராசலிங்கத்தின்ர மகள் ரஞ்சினி. அசல் பொம்பிளையே ராணியெண்டு எல்லாருக்கும் புளுகம், சரியான சந்தோசம்."

"அடுத்தமுறை?"

"பாட்டும் அவவேதானாம். உங்கட கசெற்றைப் போட்டுப்போட்டுப் பழகிறா."

சவிரிமுத்து ரிசீவரை மறுகாதுக்கு மாற்றினார்.

"மூண்டாம் பாட்டில பிழையான இடத்தில மூச்செடுத்திட்டன். அதை அப்பிடியே பழகவேண்டாமெண்டு பிள்ளைக்குச் சொல்லுங்கோ."

மீசை வளர்ந்ததும் அலுவலகத்துக்குப் போனார். பெண் படத்தைப் பார்த்தாள், முகத்தைப் பார்த்தாள், தலையசைத்தாள். எங்கே போகவேண்டும் என்று கேட்டாள்.

சொல்ல அவருக்கு ஓர் ஊரும் இருக்கவில்லை.