பழைய நாளுக்குத் திரும்பிய கம்ப்யூட்டர்

‘நகல்’ என்கிற பட்டப்பெயரை நான் முதலில் கேட்டது என் ஓரகத்தி வாயிலிருந்துதான். அவள் கூடப் பிறந்த தம்பி கம்ப்யூட்டர் ரிப்பேர் கடை வைத்திருந்தார். எந்த மெஷின் வந்தாலும், கை வைப்பதற்கு முன்னால் அதில் இருப்பதை அப்படியே முழுசாக இன்னொரு டிஸ்கில் நகல் எடுத்துவிடுவார். பின்னால் மெஷின் படுத்துவிட்டால் அந்த நகலைத் திருப்பிப் போடலாம். எடுத்த அன்றைக்கு இருந்த மாதிரியே எழுந்து உட்காரும். “என் தம்பி சட்டையக் கழட்டணும்னாக்கூட முதல்ல ஒரு நகல் எடுத்துட்டுத்தான் கழட்டுவான்” என்று ஓரகத்தி சிரிப்பாள். அதுவே அவருக்குப் பெயராக நின்றுவிட்டது.

இன்னொரு வழக்கமும் அவரிடம் உண்டு. நகலைத் திருப்பிப் போட்டால் அந்த நேரத்தில் உள்ளே இருப்பதெல்லாம் அழிந்துபோகும். அதனால் மெஷினுக்குச் சொந்தக்காரரைப் பக்கத்தில் உட்கார வைத்து, அவர் வாயால் ‘சரி’ என்று சொன்ன பிறகுதான் பட்டனைத் தட்டுவார்.

அவர் மனைவிக்குத் தொண்டையில் புற்று வந்தது. ஆபரேஷன் செய்தால் குரல் போய்விடும் என்றார்கள். அவள் வீட்டுக் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து, பள்ளிக்கூடம் போகும் மகளுக்காகப் பேசிப் பதிந்து வைத்தாள். தலையைத் தானே பின்னிக்கொள்வது எப்படி, அத்தைமார் வாயில் விழாமல் தப்பிப்பது எப்படி, எல்லாம் சொல்லியிருந்தாள். ஆபரேஷனுக்குப் போனவள் வீடு திரும்பவில்லை.

மகள் தினமும் சாயந்திரம் அதைக் கேட்பாள். ஒருநாள் கம்ப்யூட்டர் திறக்கவே இல்லை. பிள்ளை அழுத அழுகையில் இவருக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. ஊருக்கெல்லாம் முதலில் நகல் எடுக்கிறவர், சொந்த வீட்டு மெஷினில் அன்றைக்கு அதைச் செய்யவில்லை. அலமாரியில் அந்த மெஷினுக்கு எப்போதோ எடுத்த பழைய நகல் ஒன்று கிடந்தது. எந்தத் தேதியில் எடுத்தது என்றுகூடப் பார்க்காமல் அதை எடுத்து மாட்டினார். வழக்கப்படி மகளைப் பக்கத்தில் உட்கார வைத்துக் கேட்டார். “சரிப்பா, போடு” என்றாள்.

மெஷின் ஜம்மென்று எழுந்தது. ஆனால் அது மனைவிக்கு நோவு என்று தெரிவதற்கு முன்னால் எடுத்த நகல். அதற்குப் பிறகு அவள் பேசிய ஒரு சொல்கூட அதில் இல்லை. தெரிந்த வித்தையெல்லாம் செய்து பார்த்தார். ஒன்றும் மீளவில்லை.

நான் போனபோது பிள்ளை சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள். “நான்தானே சரின்னு சொன்னேன், அத்தை” என்றாள்.

“உனக்கென்ன தெரியும் கண்ணு? தெரிஞ்சவன் நான்தான் பாத்திருக்கணும்” என்றார் அவர்.

கொஞ்ச நேரம் கழித்து, அம்மா தன்னை எப்படிக் கூப்பிடுவாள் என்று பிள்ளை அவரிடம் கேட்டாள். அவர் கூப்பிட்டுக் காட்டினார்.

“அப்படி இல்லப்பா” என்றாள்.

மறுபடியும் கூப்பிட்டார். அவள் போர்வையை இழுத்துத் தலைவரை மூடிக்கொண்டாள்.

அதோடு கடையை விட்டுவிட்டார். இப்போது ஒரு மருந்துக் கிடங்கில் பெட்டி அடுக்குகிறார். மகளோடு அதே வீட்டில்தான் இருக்கிறார்.