ராடு மாற்றும் நேரம்

என் வருங்கால மாமியார் திருமணத்தைப் பற்றி என்னிடம் எதையும் கேட்டதில்லை, எல்லாவற்றையும் சொன்னார். நாமக்கல்லில் எந்த மண்டபம், பந்தியில் எத்தனை இனிப்பு, அழைப்பிதழின் மஞ்சள் எவ்வளவு மஞ்சளாக இருக்க வேண்டும் என்பவை முடிவான பிறகே எனக்குத் தெரிய வந்தன. எருமப்பட்டியிலிருந்து அவர் தொலைபேசியில் பேசும்போது, சேலத்தை ஒட்டிய கொண்டப்பநாயக்கன்பட்டியில் எங்கள் வீட்டுக் கூடத்தில் அம்மா எழுந்து நின்றுகொண்டு கேட்பாள். பேச்சு முடிந்த பிறகும் சிறிது நேரம் நின்றபடியே இருப்பாள்.

திருமணத் தேதியையும் அவர்தான் வைத்தார். அவர்கள் வீட்டில் இரண்டு போர்வெல் வண்டிகள். ஒன்றோடு மாமனார் போவார், மற்றொன்றோடு அவருடைய மகன். ஐப்பசியில் வடக்கே போகும் வண்டிகள், அங்கே மழை பிடித்துக் கரிசல் காட்டில் சக்கரம் புதையத் தொடங்கும்வரை திரும்புவதில்லை. திரும்புவது ஆனிக் கடைசியில். ஆடியில் திருமணம் செய்ய மாட்டார்கள். ஆகவே ஆவணி முதல் முகூர்த்தம் என்று முடிவாயிற்று. என் முதுகலை இரண்டாம் ஆண்டு ஆனியில் தொடங்கி மறு சித்திரையில் முடியும் என்பதை எங்கள் பக்கத்திலிருந்து எவரும் சொல்லவில்லை. நானும் சொல்லவில்லை.

நான் அதை அவரிடம் மட்டுமே சொல்ல விரும்பினேன். அவர் என்று இங்கே எழுதுவது நான் மணக்கவிருந்தவரை. பெண் பார்க்க வந்த அன்று எங்கள் வீட்டு மாடியில், ஈரத்துணி காய்ந்துகொண்டிருந்த கொடிக்குப் பக்கத்தில், ஏறக்குறைய ஐந்து நிமிடம் பேசினோம். ஏற்காட்டு மலைப்பாதையில் ஏறும் பேருந்தைப் பார்த்தபடி அவர் சொன்னார்: "வருசத்துல ஒம்பது மாசம் நான் ஊட்ல இருக்க மாட்டேங்க. அத முன்னாலயே சொல்லிப்போடணும்னு வந்தேன்." அந்த நேர்மை எனக்குப் பிடித்திருந்தது. அதற்கு ஈடாக என் பக்கத்து உண்மையைச் சொல்ல வாய் திறந்தேன்: படிப்பை முடிக்க வேண்டும், அதற்கு நீங்கள் என்ன நினைக்கிறீர்கள்? அதைச் சொல்வதற்குள் கீழிருந்து அம்மா காபி ஆறுகிறது என்று கூப்பிட்டாள். இறங்கிவிட்டோம்.

அதன் பிறகு அவர் வடக்கே போய்விட்டார். டவர் கிடைக்கும் ஊர்களில் வாரத்துக்கு இரண்டு முறை செய்தி வரும். சாப்பிட்டீங்களா? சாப்பிட்டேன். நீங்க? படிப்பைப் பற்றிய அந்தக் கேள்வியைப் பலமுறை தட்டச்சு செய்தேன். ஒருமுறை கெஞ்சுவதைப்போலவும் ஒருமுறை நிபந்தனை விதிப்பதைப்போலவும் தெரிந்தது, அழித்துவிட்டேன். முகத்தைப் பார்த்துக் கேட்க வேண்டிய கேள்வி அது. ஆனால் அவருடைய முகம் கைப்பேசியில் தோன்றும்போதெல்லாம் அதைச் சுற்றி அவருடைய வீட்டார் இருந்தார்கள், அல்லது என்னுடையவர்கள்.

வைகாசியில் ஒரு வெள்ளிக்கிழமை முகூர்த்தப் பட்டு எடுக்கச் சேலத்துக்கு வந்தார்கள். மாமியார், பரமத்தி வேலூரில் வாழ்க்கைப்பட்டிருந்த அவருடைய மகள், எங்கள் பக்கத்தில் அம்மாவும் நானும். பத்தரைக்கு இராகு காலம் பிறக்கும்; அதற்குள் முகூர்த்தப் புடவையை எடுத்துவிட வேண்டும். ஒன்பதே காலுக்குக் கடையில் உட்கார்ந்தோம்.

மாப்பிள்ளை வீட்டார் எடுத்துத் தரும் புடவை என்பதால் நான் வாய் திறக்கக் கூடாது என்று அம்மா வழியிலேயே சொல்லியிருந்தாள். மாமியார் ஒவ்வொரு புடவையையும் விரலிடுக்கில் வைத்து நிறுத்துப் பார்த்தார். கருப்பு இழை ஓடினால் தள்ளினார். இறுதியில் மூன்று மிஞ்சின: அரக்கு, மாம்பழ மஞ்சள், பச்சைக் கரையிட்ட சிவப்பு.

"தம்பியையும் ஒரு வார்த்த கேட்டுப்போடலாம்," என்று கைப்பேசியை எடுத்து வீடியோவில் அழைத்தார்.

திரையில் முதலில் வெயில் தெரிந்தது. பிறகு அவர். புருவத்திலும் மீசையிலும் வெள்ளைப் பாறைத்தூள் படிந்திருந்தது. வயதான ஒருவரைப்போல இருந்தார். பின்னால் கம்ப்ரசர் அலறியது. கடைக்காரர் ஒருவர் பின்வாங்கினார்.

"இது நல்லாருக்குதா சாமி?"

அவர் தலையாட்டினார்.

"இதுவோ?"

அதற்கும் தலையாட்டினார். மூன்றாவதற்கும்.

"மூணுக்கும் மண்டய ஆட்டறான் பாருங்க," என்றாள் அவருடைய அக்கா. "ஏன்டா, நீ பொடவயப் பாக்கறயா, பொண்ணத் தேடறயா?"

நான் குனிந்துகொண்டேன். கடையில் சிரிப்பு எழுந்தது. அம்மாகூட முந்தானையால் வாயை மூடிக்கொண்டாள்.

"இரு, அவனுக்கு ஒண்ணுங் கேக்காது," என்றார் மாமியார். "ராடு உள்ளார எறங்கீட்டு இருக்குது. இப்ப நிறுத்துனா சிக்கிக்கும். ராடு மாத்தறப்பப் பேசிக்கலாம்."

எனக்கு அது புதிய செய்தி. துளை போடும் இருபது அடி இரும்பு ராடு ஒன்று முழுதும் பாறைக்குள் இறங்கிய பிறகு, அடுத்த ராடைத் தூக்கிப் பொருத்துவதற்காகக் கம்ப்ரசரின் காற்றை நிறுத்துவார்களாம். இரண்டு நிமிடம், மிஞ்சினால் மூன்று. கைப்பேசியில் வந்த இரைச்சலைக் கேட்டே, ராடு எவ்வளவு இறங்கியிருக்கிறது என்று மாமியார் அறிந்திருந்தார். தலையைச் சற்றே சாய்த்து, "இன்னுங் கொஞ்சம்," என்றார். சொன்னபடியே அலறல் அடங்கியது.

அந்த அமைதியில் அக்கா பேசினாள், மாமியார் பேசினார், அம்மா "நல்லாருக்கீங்களா தம்பி, வெயில் சாஸ்திங்களா" என்று விசாரித்தாள். கைப்பேசி என்னை நோக்கி வரும்போது கம்ப்ரசர் மறுபடி தொடங்கிவிட்டது.

அடுத்த ராடுக்குக் காத்திருந்தோம். கடைக்காரர் ஒருவர் என் தோளில் அரக்குப் பட்டைப் போர்த்தினார். மணி பத்தைக் கடந்தது. அலறல் அடங்கியதும், இம்முறை மாமியார் நேராக என் கையில் கைப்பேசியைக் கொடுத்தார். "பேசு சாமி. சீக்கிரம்."

அவர் தூளைத் துடைத்துக்கொண்டு என்னைப் பார்த்தார். "உங்களுக்குப் புடிச்சிருக்குதுங்களா?"

என் கேள்வி நாக்கின் மேல் இருந்தது. ஏழு மாதமாக அதற்காகத்தான் காத்திருந்தேன். ஆனால் என்னைச் சுற்றி மூன்று பெண்களும் இரண்டு கடைக்காரர்களும் நின்றார்கள். எல்லாரும் பட்டைப் பற்றி நான் சொல்லப்போகும் சொல்லுக்காகக் காத்திருந்தார்கள்.

"ம்," என்றேன்.

"வேற ஏதாச்சும் சொல்லோணுங்களா?" என்றார் அவர். என் முகத்தைப் பார்த்துத்தான் கேட்டிருக்க வேண்டும். அவர் அப்படிக் கேட்டதை இன்றும் நினைத்துக்கொள்கிறேன்.

"ஒண்ணுமில்லீங்க."

அரக்கே முடிவாயிற்று. இராகு காலத்துக்குப் பத்து நிமிடம் இருந்தது. மாமியார் புடவையைக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

மற்றத் துணிகளை எடுத்து முடித்து, மதியம் உணவகத்தில் கை கழுவும் இடத்தில் நானும் மாமியாரும் மட்டும் நின்றோம். குழாயைத் திருகியபடி, என் பக்கம் திரும்பாமலே, "அவங்கிட்ட என்னமோ கேக்க வந்தே," என்றார்.

"இல்லீங்க அத்தே."

"இருபது வருசமா இந்த ரெண்டு நிமிசத்துலதான் நானுங் குடித்தனம் நடத்தறேன். கேக்க நெனச்சதக் கேக்காத போன வெக்கற மூஞ்சி எனக்குத் தெரியாதா? சொல்லு."

சொன்னேன். ஒரு வருடம் மீதியிருக்கிறது என்றேன். அவர் என்ன நினைக்கிறார் என்று தெரிந்துகொள்ள வேண்டும் என்றேன். எனக்கே கேட்காத குரலில் சொன்னதாக நினைவு.

மாமியார் குழாயை மூடவில்லை. "அவனக் கேட்டு என்ன பண்ணப்போறே? தேதி வெச்சது நானு. அடுத்த வருசம் வெக்கலாம்னு அவங்கப்பாரு சொன்னாங்க. நாந்தான் ஆகாதுன்னேன்." கழுவிய கையையே மறுபடி தண்ணீரில் நீட்டினார். "புள்ளயக் கட்டிக் குடுத்து ஆறு வருசமாச்சு. ரெண்டு பேரும் வண்டியோட போயிருவாங்க. ஒரு ஆளுக்குச் சோறாக்கிச் சாப்பிட்டிருக்கியா நீ? உப்புக்கூடச் சரியா உழுகாது."

இவ்வளவு மாதமும் அவருடைய அவசரத்தை அதிகாரம் என்றே நான் படித்திருந்தேன்.

"ஆவணிய மாத்த முடியாது. மண்டபத்துக்குச் சொல்லியாச்சு," என்றார் குழாயை மூடி. "நீ சேலத்துல இருந்தே படி. வெள்ளிக்கெழம சாயந்தரம் பஸ் ஏறி வந்துரோணும். வாரேன்னு சொல்லிப்போட்டு ஒரு வாரம் வராத நின்னீன்னா, நான் அங்க வந்து உக்காந்துக்குவேன், பாத்துக்க."

ஆவணியில் திருமணம் நடந்தது. அரக்குப் பட்டு என் நிறத்துக்குப் பொருந்தியது என்று எல்லாரும் சொன்னார்கள். ஐப்பசி பிறந்ததும் வண்டிகள் புறப்பட்டன. நடுவில் கிடைத்த நாட்கள் விருந்துகளிலும் வண்டி பழுதுபார்ப்பதிலும் போயின. ஒருநாள் நானே படிப்புப் பேச்சை எடுத்தேன். "அம்மா அப்பவே சொல்லிட்டாங்களே, படிங்க," என்றார் அவர், அது தீர்ந்துபோன விஷயம் என்பதுபோல. எனக்கு வேண்டியதெல்லாம் கிடைத்திருந்தது. ஆனாலும் அன்று மாடியில் கொடியருகே அதை நான் கேட்டிருந்தால் அவர் என்ன சொல்லியிருப்பார் என்பது எனக்குத் தெரியாது. தம் தாயின் சொல் எட்டுவதற்கு முன், தாமாக அவர் சொல்லியிருக்கக்கூடிய அந்த ஒரு வாக்கியத்துக்காக இன்னும் ஏங்குகிறேன்.

இப்போது வெள்ளிக்கிழமைதோறும் வகுப்பு முடிந்ததும் நாமக்கல் பேருந்தில் ஏறி, அங்கிருந்து எருமப்பட்டிக்குப் போகிறேன். அத்தை இருவருக்குச் சோறாக்கி வைத்திருப்பார்; உப்பு சரியாக இருக்கும். சனிக்கிழமை காலையில் கைப்பேசியை நடுவில் வைத்துக்கொண்டு உட்காருவோம். வடக்கே எங்கோ கம்ப்ரசர் அலறும். முன்பு அத்தை மட்டும் தலையைச் சாய்த்துக் கேட்பார். இப்போது நானும் சாய்க்கிறேன். ராடு முடியப்போகிறது என்பது எனக்கும் தெரியத் தொடங்கிவிட்டது.

"இன்னுங் கொஞ்சம்," என்கிறேன்.

"ஆமா," என்று சொல்லிவிட்டு, சத்தம் அடங்குவதற்குள் அத்தை எழுந்து சமையலறைக்குப் போய்விடுகிறார். பாத்திரங்களை வேண்டுமென்றே உரக்க உருட்டுகிறார். அந்த இரண்டு நிமிடத்தில் நான், சாப்பிட்டீங்களா என்று தொடங்குகிறேன்.