எட்டுப் பிள்ளை பெற்ற அல்வினே

போன மாதம் அல்வினே பாகெலை அடக்கம் செய்துவிட்டு, வழக்கம்போல ஊர் மதுக்கடையில் கூடிக் காப்பியும் கேக்கும் சாப்பிட்டுக்கொண்டிருந்தோம். ஊர்த்தலைவர் க்ரூஸே எழுந்து தொண்டையைச் செருமி, "ஏழு ஆண்பிள்ளைகளைப் பெற்ற வீரத்தாய்" என்று ஆரம்பித்தார். எனக்கு வந்த ஆத்திரத்தில் கேக்கைத் தட்டிலேயே போட்டுவிட்டு வெளியே வந்துவிட்டேன். ஏழல்ல, எட்டு. இந்த ஊருக்கு நாற்பத்திரண்டு வருடம் வாத்தியாராக இருந்து கூட்டல் கழித்தல் சொல்லிக்கொடுத்தவன் நான். அந்தக் கணக்கைத் தப்பாக எழுதியவனும் நான்தான்.

அல்வினே பண்ணையில் பால் கறக்க வந்த பெண். வண்டியோட்டி ஃபெர்டினாண்ட் பாகெலைக் கட்டிக்கொண்டாள். பெரிய கைகள், அதைவிடப் பெரிய சிரிப்பு. வரிசையாக நான்கு பையன்கள் பிறந்தார்கள். ஐந்தாவதாக ஒரு பெண் குழந்தை. லீனா என்று பெயர் வைத்தார்கள். ஒன்பது நாள் இருந்தது. அல்வினே படுக்கையை விட்டு எழுந்திருக்கக்கூட இல்லை. பெற்றவள் இல்லாமலே புதைத்தோம். எங்கள் வழக்கப்படி பள்ளிப் பிள்ளைகளை அழைத்துப்போய்க் கல்லறையில் பாடவைத்தேன். மதிலோரமாகச் சின்ன மரச்சிலுவை ஒன்றை ஃபெர்டினாண்ட் நட்டான்.

அதற்குப் பிறகு இன்னும் மூன்று பையன்கள். கடைசிப் பையன் தொட்டிலில் கிடந்தபோது க்ரூஸே ஓடிவந்தார். சேர்ந்தாற்போல் ஏழு ஆண்பிள்ளைகள் பிறந்தால் ஏழாவது பிள்ளையின் ஞானஸ்நானத்துக்கு பெர்லினில் இருக்கும் பேரரசரே ஞானத்தந்தை ஆவார். நடுவில் பெண் வந்துவிட்டால் கிடையாது.

"ஒம்போது நாள் இருந்ததை எல்லாம் யாருய்யா எண்ணப் போறா?" என்றார் க்ரூஸே.

"அல்வினே எண்ணுவா," என்றான் ஃபெர்டினாண்ட்.

"அவளை நீ பாத்துக்க. பேரரசரை நான் பாத்துக்கறேன்."

விண்ணப்பம் எழுதியது நான். 'இடையில் பெண் மகவு இல்லை' என்ற வரியை என் கையெழுத்தின் அழகெல்லாம் காட்டி எழுதினேன். நம் ஊருக்கு ஒரு கௌரவம் என்று எனக்கும் நெஞ்சு விம்மியது. ஞானஸ்நானத்துக்குப் பேரரசர் சார்பில் மாவட்ட அதிகாரி வரும் நாளன்று காலையில், அவர் கண்ணில் படக்கூடாதென்று ஃபெர்டினாண்ட் அந்தச் சிலுவையைப் பிடுங்கினான். பிடுங்கியதை உடைத்து அடுப்பில் வைத்தான். அந்த நெருப்பில்தான் விருந்து கேக் வெந்தது. அல்வினே பார்த்துக்கொண்டு நின்றாள். பையனுக்குப் பேரரசரின் பெயரையே, வில்ஹெல்ம் என்று வைத்தார்கள்; எங்களுக்கெல்லாம் அவன் வில்லி. கூடவே பேரரசரின் பரிசாக ஒரு வெள்ளிக் கிண்ணம் வந்தது.

ஒவ்வொரு ஜனவரியும் பேரரசரின் பிறந்தநாளன்று பள்ளியில் பிள்ளைகளுக்கு இனிப்பு ரொட்டி கொடுப்போம். வில்லி அந்தக் கிண்ணத்தை ஏந்தி முதல் வரிசையில் நிற்பான். காலில் மரச்செருப்பு.

"டேய், பெர்லின் அப்பா உனக்கு பூட்ஸ் வாங்கித் தர மாட்டாராடா?" என்று பின்வரிசைப் பையன்கள் சீண்டுவார்கள்.

"குடுத்தாருடா. ராஜா காலு பெருசு, எனக்கு லொடலொடங்குது," என்பான். அம்மாவின் சிரிப்பு அவனுக்கு அப்படியே வந்திருந்தது.

போர் வருவதற்கு இரண்டு வருடம் முன்பே ஃபெர்டினாண்ட் போய்ச் சேர்ந்தான், கொடுத்துவைத்தவன். பையன்கள் ஒவ்வொருவராகப் புறப்பட்டார்கள். வழியனுப்பும் பாட்டை நான்தான் பாடவைத்தேன். ஊரெல்லாம் டர்னிப் கிழங்கைத் தவிர தின்ன எதுவும் கிடைக்காத அந்தக் குளிர்காலம் முடிவதற்குள் நான்கு பேர் செத்துப்போனார்கள். வில்லி பத்தொன்பது வயதில் பிரான்ஸில் பதுங்குகுழியில் இருந்தான்.

மார்ச்சில் ஒருநாள், பள்ளி விட்டதும் அல்வினே வந்தாள். சின்னப் பிள்ளைகள் பெஞ்சில் முழங்காலை இடித்துக்கொண்டு உட்கார்ந்தாள்.

"வாத்தியாரே, பேரரசருக்கு ஒரு கடுதாசி எழுதணும். வில்லியத் திருப்பி அனுப்பச் சொல்லி."

"எழுதுவோம். நாலு பேரைக் குடுத்திருக்கீங்க. கேக்க உங்களுக்கு உரிமை இருக்கு."

"மொதல்ல லீனாவப் பத்தி எழுதுங்க."

பேனாவைக் கீழே வைத்தேன். "அது எதுக்கு இப்போ?"

"பொய் சொல்லி ஏமாத்திட்டு எந்த மூஞ்சிய வெச்சுக்கிட்டுக் கேக்கறது? எனக்கு ஒரு பொண்ணு இருந்தா, மறைச்சுட்டோம்னு எழுதுங்க. கிண்ணத்தத் திருப்பிக் குடுத்துடறேன். ஞானப்புள்ளையா வேணாம். யாரோ ஒரு புள்ளைன்னு நெனச்சு அனுப்பட்டும்."

அவள் சொன்னபடியே எழுதி, வாசித்தும் காட்டினேன். இரண்டாவது தாளின் அடியில் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போனாள். அவள் தலை மறைந்ததும் முதல் தாளைக் கிழித்தேன். ஒரு பேரரசரிடம் போய், உங்களை ஏமாற்றினேன் என்று சொல்லி யாராவது காரியம் கேட்பார்களா? லீனா இல்லாத புதுத் தாள் ஒன்றை எழுதிச் சேர்த்து, தபாலில் போட்டேன். அவளுக்கு நல்லது செய்கிறேன் என்றுதான் நினைத்தேன். அதிகப்பிரசங்கி.

ஏதோ ஒரு அலுவலகத்திலிருந்து, மனு வந்து சேர்ந்தது என்று ஒரு அச்சுச் சீட்டு வந்தது. அந்த வாரமே வில்லியின் சாவுச் செய்தியும் வந்தது. அல்வினே இரண்டையும் எடுத்துக்கொண்டு பள்ளி வாசலுக்கு வந்தாள்.

"உண்மையச் சொன்னேன், வாத்தியாரே. அவருக்குக் கோபம் வந்திருச்சு. நாம ஏமாத்தினோம்ல, நியாயம்தான்."

அப்போதே சொல்லியிருக்க வேண்டும். 

அடுத்த வருடம் இன்னொரு மகனும் போனான். நான்காவது மகன் ஆல்பெர்ட் மட்டும் ஒற்றைக் காலோடு திரும்பினான். அந்த நவம்பரில் பேரரசர் முடியைத் துறந்து ஹாலந்துக்குப் போய்விட்டார். பிறகு ஊர் இரண்டாகப் பிளந்தது. மதுக்கடையில் ஒரு மேசையில், அவர் நாட்டை உயர்த்தினார், கூட இருந்தவர்கள் முதுகில் குத்திவிட்டார்கள் என்பார்கள். அடுத்த மேசையில், நம் பிள்ளைகளைச் சாகக் கொடுத்துவிட்டு ரயிலேறி ஓடிப்போனவர் என்பார்கள். பேச்சு முற்றிப் பீர்க்குவளை பறக்கும் நிலை வந்தால் க்ரூஸே தன் துருப்புச்சீட்டை இறக்குவார்: "ஆறு பேரைப் பறிகொடுத்த அல்வினேயே அவரை ஒரு சொல்லு சொல்றதில்ல. நீ யாருடா?"

உண்மைதான். அவள் சொன்னதே இல்லை.

"அந்தக் கிண்ணத்துல கோழிக்குத் தண்ணி வைம்மா," என்று ஆல்பெர்ட் கத்துவான். "ஊரை விட்டு ஓடினவன் சாமானு!"

"ஏமாத்தினது நாமடா," என்பாள். "அவர ஏன் பேசற?"

எதிரணியை வாயடைக்கவைத்த அந்தச் சாட்சியம் என் மேசையில் பிறந்த பொய். 

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபத்துநான்கில் போர்நினைவுக் கல் வந்தது. பதினெட்டுப் பெயர்கள், அதில் ஆறு பாகெல்கள். மேலே 'பேரரசருக்காக' என்று வெட்டுவதா வேண்டாமா என்று ஊரே அடித்துக்கொண்டது. அல்வினே சொல்லட்டும் என்றார் க்ரூஸே. "போடுங்க," என்றாள் அவள்.

மறுநாள் அவள் வீட்டுக்குப் போனேன். உருளைக்கிழங்கு தோல் சீவிக்கொண்டிருந்தாள். நின்றபடியே எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். கத்தி ஒருமுறை நின்றது, பிறகு கையிலிருந்த கிழங்கை முழுதாகச் சீவி முடித்தாள்.

"அப்போ லீனாவப் பத்தி அவருக்குத் தெரியவே தெரியாதா?"

"தெரியாது."

"ஏழு வருஷம்... நான் வாயத் தொறந்ததால எம்புள்ள செத்தான்னு நெனச்சுக்கிட்டு இருந்தேன்." தலையை நிமிர்த்தினாள். "எங்க வீட்டுக்காரரு அவள ஒரு தடவ பிடுங்கினாரு. நீங்க ரெண்டாவது தடவ."

திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். அவள் கையைத் துடைத்துக்கொண்டு கோட்டை மாட்டினாள். "வாங்க," என்றாள்.

நேராக க்ரூஸே வீட்டுக்குப் போனோம்.

"அவர் பேரு வேணாம். எம்புள்ளைங்க பேரு மட்டும் போதும்."

"என்ன அல்வினே, நீயும் அந்த மேசைப் பக்கம் சாஞ்சிட்டியா? அவரத் திட்டறியா?"

"திட்டல. அவருக்கு எங்களத் தெரியாது. அவ்வளவுதான்."

அங்கிருந்து கல்லறைத் தோட்டத்துக்கு நடந்தாள். மதிலோரம் நின்று என்னைப் பார்த்தாள்.

"நான் அன்னிக்கி வரல. அந்தச் சிலுவைய வெச்சுத்தான் அடையாளம் தெரியும். நீங்கதானே நின்னு பாட வெச்சீங்க. எந்த இடம், வாத்தியாரே?"

முப்பத்திரண்டு வருடம் ஆகியிருந்தது. மண் அமுங்கிப் புல் மூடி, லைலாக் புதர் பாதி மதிலை விழுங்கியிருந்தது. எங்கேயாவது காட்டிவிடலாம், அவளுக்கும் ஆறுதலாக இருக்கும் என்று தோன்றியது. விரல்கூட எழுந்துவிட்டது. அதை மடக்கிக்கொண்டேன்.

"தெரியல அல்வினே. எனக்கு ஞாபகம் இல்ல."

அவள் தலையாட்டினாள். பிறகு குனிந்து மரச்செருப்புகளைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டாள். ஈரப் புல்லில் வெறும் காலுறையோடு, அந்த மதில் நெடுக அடிமேல் அடி வைத்து மெதுவாக நடந்தாள்.

"எங்க அவள மிதிச்சிடுவேனோ தெரியல," என்றாள்.

நானும் பூட்ஸைக் கழற்றிக்கொண்டு அவள் பின்னால் நடந்தேன்.