நான்கு பக்கம் வாசிக்க எழுபது கிலோமீற்றர்

சனிக்கிழமை காலை 11.40க்கு அஜக்ஸ் நகரிலிருந்து காரை எடுத்தேன். பிறம்ரன் எழுபது கிலோமீற்றர். அங்கே ஹவாவை ஏற்றிக்கொண்டு ஸ்காபரோவில் நடக்கும் எங்கள் தமிழ் இலக்கியக் கூட்டத்துக்குப் போகவேண்டும். 401 நெடுஞ்சாலையில் திருத்தவேலை என்று பாதையைக் குறுக்கி வைத்திருந்தார்கள். வேலை செய்கிறவர் ஒருவரையும் காணவில்லை, செம்மஞ்சள் கூம்புகள்தான் நின்றன.

ஹவா சியரா லியோனில் பத்திரிகையாளராக இருந்தவர். தன் நாட்டைப் பற்றி இரண்டு புத்தகங்கள் எழுதியிருக்கிறார். முதலாவது ஆட்சிக் கவிழ்ப்புகளைப் பற்றியது. இரண்டாவது போரைப் பற்றியது. அதைத் தன் ஊரில் வீடு வீடாகப் போய்க் கேட்டு எழுதினார். இப்போது பிறம்ரனில் ஒரு பொருட்களஞ்சியத்தில் இரவு வேலை.

1.25க்கு நான் போய்ச் சேர்ந்தபோது வாசலிலேயே நின்றார். இரண்டாவது புத்தகத்தில் நான்கு பக்கங்களுக்கு அடையாளம் வைத்திருந்தார். போரைப் பார்த்த வேறொரு சனத்துக்கு முன்னால் அவற்றை வாசிக்கவேண்டுமென்று நெடுநாள் ஆசையாம். ஏழரைக்கு வேலை தொடங்குவதால் ஆறு மணிக்குத் திரும்பவேண்டும் என்றார். கூட்டம் மூன்று மணிக்கு, தாராளமாக நேரம் இருக்கிறது என்று நானும் வாய் கூசாமல் சொன்னேன்.

2.45க்கு மண்டபத்தில் கதிரைகள் மட்டும் வந்திருந்தன. 4.10க்கு மங்கல விளக்கு ஏற்றினார்கள். பிறகு அகவணக்கம், வரவேற்புரை, தலைமையுரை, ஆசியுரை, வாழ்த்துரை, இன்னுமொரு வாழ்த்துரை. எல்லோரும் ஹவாவை வரவேற்றார்கள். தமிழில் வரவேற்றார்கள். ஒருவர் அவரைக் கானா நாட்டுக்காரர் ஆக்கினார். பொன்னாடை போர்த்தினார்கள், படம் சரியாக விழவில்லையென்று கழற்றித் திரும்பவும் போர்த்தினார்கள். ஹவா மடியில் புத்தகத்தைத் திறந்தபடி இருந்தார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஆசியுரையும் வேண்டுமென்று ஏற்பாட்டுக் குழுவில் சொன்னவள் நான்தான் என்பதால் எரிச்சல் இன்னும் கூடியது.

5.20க்கு அமைப்பாளர் சிவா அண்ணையைப் பிடித்தேன்.

"அண்ணை, அவ ஆறுக்கு வெளிக்கிட வேணும். இப்ப வாசிக்க விடுங்கோ."

"பொறுங்கோ பிள்ளை. வாழ்த்த வந்தவையை இருத்திப்போட்டு அவவை விட்டா, பிறகு முகம் குடுத்துக் கதைக்க மாட்டினம். அவவுக்கு ஐஞ்சு நிமிசம் எடுத்துத் தாறன்."

5.52க்கு ஒலிவாங்கி ஹவாவின் கைக்கு வந்தது. எல்லோருக்கும் பெயர் சொல்லி நன்றி சொன்னார். முதல் பந்தி முடிவதற்குள் நேரம் முடிந்ததென்று துண்டுச்சீட்டு வந்தது. புத்தகத்தை மூடிவிட்டுச் சிரித்தபடி கதிரையில் இருந்துவிட்டார். கைதட்டல் பலமாக இருந்தது.

காருக்குள் நான் எங்கள் ஆட்களைத் திட்டித் தீர்த்தேன். 6.30க்கு அதே கூம்புகளிடம் வாகனங்கள் முழுதாக நின்றுவிட்டன. எனக்காவது வாசித்துக் காட்டுங்கள் என்று கேட்டேன். நான்கு பக்கமும் வாசிக்க ஆறு நிமிடம்தான் எடுத்தது.

ஆயுதக்காரர்கள் பக்கத்து ஊருக்கு வந்துவிட்ட நாள். ஹவாவின் ஊரில் கூட்டம் கூடுகிறது. பெரியவர்கள் எழுந்து ஒருவரையொருவர் வரவேற்கிறார்கள், வாழ்த்துகிறார்கள், நன்றி சொல்கிறார்கள். பக்கத்து ஊரிலிருந்து ஓடிவந்த ஒரு பெண், தான் கண்டதைச் சொல்வதற்காகப் பின்வரிசையில் முறை வரும்வரை நிற்கிறாள். அவள் யார் என்று கேட்டேன். அன்று அங்கே போயிருந்த தன் அம்மா என்றார்.

"பேச விட்டார்களா?"

"விட்டார்கள். எல்லோரும் பேசி முடித்த பிறகு. அதற்குள் ஆயுதக்காரர்கள் எங்கள் ஊர்ப் பாலத்தைக் கடந்துவிட்டார்கள்."

7.35க்குக் களஞ்சிய வாசலில் இறக்கிவிட்டேன். ஐந்து நிமிடம் பிந்திவிட்டது. பொன்னாடையைக் காரின் பின் சீற்றில் விட்டுவிட்டு, புத்தகத்தோடு உள்ளே ஓடினார்.