அனுமதி கேட்டுப் படித்தவர்

கேட்காமல் படித்தவன் மேலே போனான், கேட்டுவிட்டுப் படித்தவர் கீழே வந்தார். இதை நினைத்தால் ஃபிட்டருக்கு இத்தனை வருஷம் கழித்தும் வயிறு எரியும். "இது எந்த ஊரு நியாயம்?" என்று கையிலிருக்கும் ஸ்பானரைப் பார்த்துக் கேட்பார். அது என்ன சொல்லும், பாவம்.

கீழே வந்தவர் அவருடைய சகலை. ஃபிட்டர் கட்டியவளின் அக்காவைக் கட்டியவர். குடிநீர் வாரியத்து மோட்டார் ரூமில் ஆபரேட்டர்; ஃபிட்டருக்கும் அங்கேதான் வேலை. கை கழுவ சோப்பு வேண்டுமென்றாலும் 'உயர்திரு ஐயா அவர்களுக்கு' என்று எழுத உட்கார்ந்துவிடுவார். அதனால் எல்லாருக்கும் அவர் மனுக்காரர்.

சூப்பர்வைசர் ஆக வேண்டுமென்றால் தொழிற்படிப்புச் சான்றிதழ் வேண்டும் என்று புதுசாக விதி வந்தது. அவனவன் சாயங்கால வகுப்புக்கு ஓடினான். மனுக்காரர் மட்டும் அசையவில்லை. வேலையில் இருப்பவன் படிக்க மேலிடத்து அனுமதி வேண்டுமாம். எந்தக் காலத்திலோ போட்டு எல்லாரும் மறந்துபோன விதி.

"யாருமே கேக்கலை சகலை. பேசாம போய்ச் சேருங்க," என்றார் ஃபிட்டர்.

"கேக்காம சேர்ந்தா நாளைக்குப் படிச்சதே செல்லாதும்பான்."

"எவன் சொல்லப் போறான்? சேர்ந்தவனெல்லாம் உங்களைப் பார்த்துச் சிரிக்கிறான்."

"சிரிச்சா பல்லுதான் தெரியும். நீ போ."

மனு மேஜை மேஜையாக ஊர்ந்தது. ஒரு மேஜைக்காரர் மாற்றலாகிப் போனார். அடுத்தவர் முதுகுவலி என்று படுத்துவிட்டார். ஒருவழியாக அனுமதி வந்தது. மகன் வயசுப் பையன்களோடு பெஞ்சில் முட்டி இடிக்க உட்கார்ந்து படித்து, மனுக்காரர் பாஸும் பண்ணிவிட்டார். பணிமூப்புப்படி சூப்பர்வைசர் நாற்காலியும் கிடைத்தது. அவர் பெண்டாட்டி தெருவில் ஒரு வீடு விடாமல் சொல்லிவிட்டு வந்தாள்.

சொன்ன வாய் மூடுவதற்குள் கேஸ் வந்தது. முன்னாலேயே படித்து வைத்திருந்த இளையவர்கள் போட்டது. காலியிடம் விழுந்த தேதியில் இவர் கையில் சான்றிதழ் இருந்ததா? இல்லை. அவ்வளவுதான் கேஸ். தீர்ப்பும் அவர்கள் பக்கமே போனது.

"அவங்க அனுமதி இல்லாமப் படிச்சவங்களாச்சே?" என்று கோர்ட் வராந்தாவில் வக்கீலை மறித்துக் கேட்டார் ஃபிட்டர்.

"அது ஒழுங்கு நடவடிக்கை எடுக்க வேண்டிய விஷயம். தகுதியை அது பாதிக்காதுங்க."

"அனுமதியை இழுத்தடிச்சது ஆபீஸ்தானே?"

"கோர்ட்டும் அதுக்கு வருத்தம் தெரிவிச்சிருக்கு. ஆனா தேதியை மாத்த முடியாதே."

வருத்தத்தை வைத்துக்கொண்டு நாக்கா வழிப்பது என்று வாய்வரை வந்தது. பக்கத்தில் மனுக்காரர் பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி கையைக் கட்டி நின்றதைப் பார்த்து முழுங்கிவிட்டார்.

மறுபடி மோட்டார் ரூம். சூப்பர்வைசர் நாற்காலிக்கு வந்தவன் நேற்றுவரை இவரிடம் எண்ணெய்க் கேன் தூக்கியவன். நல்ல பையன்தான். இவர் உள்ளே வந்தால் எழுந்துவிடுவான்.

"உக்காருப்பா. உன் நாற்காலி."

"நீங்க நிக்கும்போது எப்படிண்ணே?"

"சரி, ரெண்டு பேரும் நிப்போம். நாற்காலி உக்காரட்டும்."

சொல்லிவிட்டு அவரே சிரித்தார். பின்னால் மோட்டாருக்கு கிரீஸ் வைத்துக்கொண்டிருந்த ஃபிட்டருக்குச் சிரிப்பு வரவில்லை.

மேல்முறையீடு போட்டார்கள். வாய்தா, நீதிபதி லீவு, நீதிபதி மாற்றம், ஃபைலைக் காணோம், கிடைத்துவிட்டது, மறுபடி வாய்தா. லீவு போட்டு லீவு போட்டு ஃபிட்டர் கூடப் போய்வந்தார். கோர்ட் மரத்தடியில் உட்கார்ந்ததுதான் மிச்சம். மனுக்காரர் ஆபரேட்டராகவே ஓய்வு பெற்றார். அந்த உத்தரவிலும் 'தீர்ப்புக்கு உட்பட்டு' என்று ஒரு வரி. அவர் வீட்டுக்காரி மட்டும் யார் கேட்டாலும் சூப்பர்வைசர் என்றே சொல்லிக்கொண்டிருந்தாள்.

பிறகு நுரையீரல் கெட்டது. ஆஸ்பத்திரியில் மூக்கில் குழாயோடு கிடந்தார். அடுத்த வாய்தாவும் தள்ளிப்போன சேதியோடு ஃபிட்டர் போய்க் கட்டிலருகே உட்கார்ந்தார்.

"ஜெயிச்சிடுவோம் சகலை," என்றார். பொய் சொல்லிப் பழக்கமில்லாத குரல், காட்டிக்கொடுத்துவிட்டது.

மனுக்காரர் அதைக் கண்டுகொள்ளவில்லை. "நான் போனா பேப்பர்ல போடுவீங்கல்ல?"

"வாயைக் கழுவுங்க முதல்ல."

"கேளுடா. இவ சூப்பர்வைசர்னு போடச் சொல்லி அழுவா. போட்டுடாதே. கேஸ் நிலுவையில இருக்கு."

"சரி, ஆபரேட்டர்னு போட்டுக்கறேன். பேசாம படுங்க."

"ஐயோ, அதுவும் வேண்டாம். நாமளே ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடும்." மூச்சு வாங்கியது. ஃபிட்டரின் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார். "வெறும் பேரை மட்டும் போடு."