சவுக்குக்கு நடுவே கட்டிய நூல்

விக்கிரமங்கலத்துக்குக் கிழக்கே அப்பாவும் பெரியப்பாவும் சேர்ந்து வாங்கிய மேட்டு நிலத்தில் முதலில் கடலைதான் போட்டார்கள். அதற்கு முன்பு எங்கள் குடும்பத்தில் யாரும் சொந்த நிலத்தில் நின்றதில்லை. அடுத்தவர் வயலில் நாற்று நட்டும் களை பறித்தும் வயிறு வளர்த்தவர்கள். அதனால் அண்ணன் தம்பி இருவரும் அந்த நிலத்தில் பாடுபட்ட நேரத்தைவிட அதைப் பார்த்துக்கொண்டு நின்ற நேரம்தான் அதிகம். கடலை அடுத்தடுத்துப் பொய்த்துப் போனது. அப்போதுதான் காடு வளர்க்கச் சொல்லி அரியலூரில் கன்று கொடுக்கிறார்கள் என்று யாரோ சொல்ல, வண்டி பிடித்துப் போய்ச் சவுக்கங்கன்றுகளை ஏற்றிக்கொண்டு வந்தார்கள். நான் நான்காம் வகுப்பு படித்துக்கொண்டிருந்தேன்.

முதல் கோடையில் இரண்டு வீட்டுக் குடங்களும் அந்தக் கன்றுகளுக்காகவே தண்ணீர் சுமந்தன. வேர் பிடித்ததும் கன்றுகள் எங்களைத் திரும்பிப் பார்க்காமல் வளர்ந்தன. ஊசி போன்ற அவற்றின் இலையைக் கணுவில் பிரித்து, மறுபடி செருகி, எங்கே ஒட்டினேன் சொல் பார்ப்போம் என்று பள்ளிக்கூடத்தில் எல்லாரையும் கேட்பேன். சரியாகச் சொன்னவர்களிடம் தப்பு என்று சொல்லிவிடுவேன்.

மரங்கள் ஆள் உயரம் தாண்டியதும் வினை வந்தது. கன்றுகளை நெருக்கி நட்டிருந்தார்கள். பெரியப்பா கொத்தனார். அவர் கண்ணுக்குச் சவுக்கு என்றால் சாரம் கட்டுகிற கழி. நெருக்கமாக நின்றால்தான் ஒன்றோடொன்று போட்டி போட்டு ஒல்லியாக, நேராக, உயரமாக வளரும் என்றார். அப்பா சுண்ணாம்புக்கல் சுரங்கத்தில் வேலை பார்த்தார். அவர் நினைப்பெல்லாம் ஓட்டு வீடு, அதன் கூரையைத் தாங்குகிற கைமரம். ஒன்று விட்டு ஒன்றை வெட்டினால் மிச்சம் நிற்பது தொடை கனத்துக்குப் பருக்கும் என்றார். இரண்டும் சரிதான் என்று சொல்ல அங்கே யாரும் இல்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை பெரியப்பா வெளியூரில் இருந்தபோது, அப்பா அரிவாளோடு போய் ஒரு வரிசையில் ஒன்று விட்டு ஒன்றாகச் சாய்த்துவிட்டு வந்தார். மறுநாள் பெரியப்பா வந்து பார்த்தார். விழுந்து கிடந்த ஒரு கன்றைத் தூக்கி அதன் அடிக்கட்டையின் மேலேயே நிறுத்திப் பிடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றார். பிறகு அப்பாவைப் பார்த்து, "பெத்த புள்ளைங்களா இருந்தாலும் இப்படித்தான் ஒண்ணு வுட்டு ஒண்ணு கழிச்சிருப்ப நீ" என்றார்.

அப்பா, "நான் வெட்டுனது என் பங்குல" என்றார்.

அதுவரை பங்கு என்ற சொல் எங்கள் வீட்டில் கறிக்குழம்புக்கு மட்டும்தான் புழங்கியது. பெரியப்பா அன்றைக்கே சுவர் எழுப்பும்போது கட்டுகிற தன்னுடைய நூலைக் கொண்டுவந்து தோப்பை இரண்டாகப் பிரித்து இழுத்துக் கட்டினார். கோபத்தில் கட்டியதுதான் என்றாலும் ஒரு விரற்கடை கோணல் இல்லை. அந்தப் பக்கம் அவருக்கு, இந்தப் பக்கம் எங்களுக்கு. ஒரே சுவரைப் பொதுவாகக் கொண்ட இரண்டு வீடுகளுக்கும் பேச்சு நின்றது. பெண்களும் பேசக்கூடாது என்று இருவரும் அவரவர் வீட்டில் சொன்னார்கள். அம்மாவும் பெரியம்மாவும் சரி என்று தலையாட்டினார்கள்.

ஐப்பசியில் மழை பிடித்துக்கொண்டது. புல்லும் கோரையும் முழங்கால் வரை வந்தன. அம்மா களைக்கொத்தை எடுத்துக்கொண்டு எங்கள் பாதிக்குப் போவாள். பள்ளி விட்டதும் நானும் போவேன். நூலுக்கு அந்தப்புறம் களை எடுக்க ஆளில்லை. பெரியப்பா தஞ்சாவூர்ப் பக்கம் கட்டட வேலைக்குப் போயிருந்தார். பெரியம்மா, காலில் கருவேல முள் ஏறிச் சீழ் கட்டி, நடக்க முடியாமல் கிடந்தாள். கோவைக்கொடி மரத்துக்கு மரம் ஏறி உச்சியைப் பிடித்து இழுத்ததில் பெரியப்பாவின் சவுக்குகள் யாருக்கோ கும்பிடு போடுவதுபோல வளைந்து நின்றன.

அம்மா ஒரு நாள் வேலையை நிறுத்திவிட்டு அதையே பார்த்தாள். அப்புறம் நூலைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு அந்தப் பக்கம் போய்விட்டாள். நான் பதறிப்போனேன். "கொடிக்கு நூலு தெரியுமா? இன்னிக்கு அங்க இருக்கும், நாளைக்கு இங்க தாவிரும்" என்றாள். கொடியைப் பிடித்து இழுத்தால் இளம் உச்சி முறிந்துவிடும் என்பதால் அடியில் மட்டும் அறுத்து, மேலே உள்ளது தானாகக் காயட்டும் என்று விட்டாள். அடுத்தடுத்த நாட்களில் மரத்தைச் சுற்றியிருந்த புல்லையும் கொத்திப் போட்டாள். மரங்கள் ஒவ்வொன்றாக நிமிர்ந்தன. அப்பாவிடம் சொல்லக்கூடாது என்று அவள் சொல்லவில்லை. நானாகவே சொல்லவில்லை.

கார்த்திகைக்கு வந்த பெரியப்பா தோப்பைப் பார்த்துவிட்டு யார் செய்தது என்று பெரியம்மாவைக் கேட்டிருக்கிறார். எழுந்து நடக்கவே முடியாமல் கிடந்த தனக்கு என்ன தெரியும் என்று அவள் கைவிரித்துவிட்டாள். தீபத்தன்று எங்கள் வாசற்படியில் ஒரு தூக்குவாளி நிறையப் பொரி உருண்டை இருந்தது. யார் வைத்தது என்று அப்பா கேட்கவில்லை. தின்றுகொண்டே சுவர்ப் பக்கம் ஒரு தடவை பார்த்தார்.

மார்கழியில் அடிக்கிளைகளைக் கழித்துவிட வேண்டும். அப்போதுதான் மரம் முடிச்சு இல்லாமல் மேலே போகும். அப்பாவுக்கோ சுரங்கத்தில் ஓயாத வேலை. அம்மாவுக்குக் கை எட்டாது. ஒரு நண்பகலில் பெரியம்மா, கால் ஆறி, அரிவாளோடு வந்து சேர்ந்தாள். அவள் நெட்டை. கல்யாணப் போட்டோவில் பெரியப்பா செங்கல்மேல் நின்றார் என்று சொந்தக்காரர்கள் சொல்வார்கள். அவள் எங்கள் பாதியில் நுழைந்து, தண்டை ஒட்டி, பட்டை கிழியாமல், ஒவ்வொரு கிளையாகச் சீவிக்கொண்டே போனாள். கீழே விழுந்த மிளாறை அம்மா சேர்த்துக் கட்டினாள். சாலையில் தெரிந்தவர் யாராவது வந்தால் இருமுவது என் பொறுப்பு.

ஆனால் அந்த வேலை முடிவதாகவே இல்லை. ஒரு கிளையை வெட்டுவார்கள், ஒரு பாட்டம் பேசுவார்கள். கொண்டுவந்த சோற்றை மாற்றிச் சாப்பிடுவார்கள். பேசாமல் இருந்த மாதங்களில் சேர்ந்துபோன பேச்சை முழுக்க அந்தச் சவுக்கு நிழலில் இறக்கினார்கள். பெரியவர்கள் இவ்வளவு மெதுவாக வேலை செய்தால் எப்படி உருப்படுவது என்று எனக்குக் கவலையாக இருந்தது. இருந்தாலும் அந்தப் பகல்களில் மாறி மாறி இருவர் மடியிலும் தலைவைத்துப் படுத்திருந்தது நான்தான்.

பொங்கலுக்கு மறுநாள் அப்பா எங்களைத் தோப்புக்குக் கூட்டிப் போனார். கிளை கழித்த மரங்களை அவர் அன்றுதான் முதலில் பார்த்தார். ஒரு வெட்டுவாயைக் கட்டைவிரலால் தடவினார். அம்மாவைப் பார்த்தார். அவள் மரத்தின் உச்சியைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அந்த நேரத்தில் பெரியப்பாவும் பெரியம்மாவும் நூலுக்கு அந்தப்புறம் வந்து நின்றார்கள்.

பெரியப்பாதான் முதலில், "கொடியெல்லாம் அறுத்து வுட்டிருக்க. இல்லன்னா இந்நேரம் பாதி மரம் போயிருக்கும்" என்றார்.

அப்பா தரையைப் பார்த்தார். "அதுக்கென்னண்ணே, நம்ம மரந்தான" என்றார். அந்த வருஷம் முழுக்க ஒரு கோரையைக்கூடப் பிடுங்காத என் அப்பாதான் அதைச் சொன்னார். பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு, "நீயும் கிளைய நல்லா கழிச்சிருக்க. ஒரு எடத்துலயும் பட்டை கிழியல" என்றார்.

பெரியப்பா துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, ஏதோ தன்னால் முடிந்தது என்றார்.

நான் வாயைத் திறந்தேன். பெரியம்மாவின் கை நூலைத் தாண்டி வந்து என் தலையைப் பிடித்து வேறு பக்கம் திருப்பியது. அம்மா என்னிடம், "பாப்பா, போயி அங்க கெடக்குற மிளாறப் பொறுக்கு" என்றாள். அங்கே பொறுக்குவதற்கு ஒரு குச்சிகூட இல்லை. இல்லாத குச்சியைப் பொறுக்கிக்கொண்டே திரும்பிப் பார்த்தபோது, பெரியப்பா நூலை அவிழ்த்து உள்ளங்கையில் சுற்றிக்கொண்டிருந்தார். பெரியப்பா பக்கம் சாரத்துக்கு நெருக்கமாகவே இருக்கட்டும், எங்கள் பக்கம் விலக்கிவிட்டுக் கைமரத்துக்கு வளரட்டும் என்று இருவரும் பேசிக்கொண்டார்கள். முதலிலேயே அப்படிப் பேசியிருக்கலாம்.

அன்று சாயங்காலம் அடுப்படியில் அம்மாவிடம் கேட்டேன். செய்யாத வேலையைச் செய்ததாக அப்பா ஏன் சொன்னார், நீ ஏன் சும்மா நின்றாய் என்று. உலைக்கு உப்பு போட மறந்தாலும் அதற்கு ஒரு காரணம் சொல்லாமல் விடாதவள் அவள். அன்று சிரித்தாள்.

"உங்கப்பாவுக்குத் தெரியாதுன்னா நெனைக்கிற?"

பெரியப்பாவுக்கும் தெரியுமா என்று கேட்டேன்.

"அவருக்குந்தான்" என்றாள். குழம்புக் கிண்ணத்தை என் கையில் கொடுத்து, பெரியம்மா வீட்டில் கொடுத்துவிட்டு வரச் சொன்னாள்.

தெரியாமல் சொன்னால்கூடப் போகட்டும், தெரிந்தே இருவரும் பொய் சொல்லியிருக்கிறார்களே என்று எனக்குக் கோபம் இன்னும் கூடிவிட்டது. கிண்ணத்தைப் பெரியம்மா வீட்டு வாசலில் டக்கென்று வைத்துவிட்டு வந்தேன். உள்ளே அப்பாவும் பெரியப்பாவும் எதற்கோ சிரித்துக்கொண்டிருந்தார்கள். அடுத்த சில நாட்கள் நான் அப்பாவின் முகத்தைப் பார்த்துப் பேசவில்லை. பிள்ளைக்கு வயிற்றில் பூச்சி என்று முடிவு கட்டிய அவர், வேப்பங்கொழுந்தை அரைத்து உருட்டிக்கொண்டு வந்தார். உண்மைக்காகக் கஷ்டப்படுகிற ஒரே ஆள் இந்த வீட்டில் நான்தான் என்ற பெருமையோடு அதை முழுங்கினேன்.